காங்கேயம் காளையும் அரிஸ்டாட்டிலின் பல்லும்

அந்தியூர்ச் சந்தையானாலும் கண்ணபுரம் சந்தையானாலும், மாடு வாங்க வந்தவர் சுழி பார்த்த கையோடு வாயைத் திறந்து பல்லையும் பார்த்துவிடுவார். ரெண்டு பல், நாலு பல் என்று எண்ணினால் வயது தெரிந்துவிடும். சுமார் 2300 ஆண்டுகளுக்கு முன் கிரேக்கத்தில் அரிஸ்டாட்டில் இதே பல்லை வைத்து வேறொரு கேள்வி கேட்டார். முன்பற்கள் வெட்டுவதற்கு ஏற்றபடி கூராக இருக்கின்றன, கடைவாய்ப் பற்கள் அரைப்பதற்கு ஏற்றபடி அகலமாக இருக்கின்றன. இந்தப் பொருத்தம் எங்கிருந்து வந்தது?

அவருக்கு முன்பே எம்பெடாக்ளிஸ் என்ற கிரேக்கச் சிந்தனையாளர் ஒரு பதில் சொல்லியிருந்தார். உடலின் பாகங்கள் தற்செயலாக எப்படியெப்படியோ சேர்ந்தன, சரியாக அமைந்தவை பிழைத்தன, மற்றவை அழிந்தன என்பது அவர் கருத்து. அரிஸ்டாட்டில் இதை ஏற்கவில்லை. ஒவ்வொரு கன்றுக்கும் பல் சரியான இடத்தில் சரியான வடிவில் முளைக்கிறது. எப்போதும் ஒரே மாதிரி நடப்பதைத் தற்செயல் என்று எப்படிச் சொல்வது? ஆகவே இயற்கை ஒரு நோக்கத்தோடு இயங்குகிறது என்றார். இன்று பலரும் அவரை ஒரே வரியில் தள்ளிவிடுகிறார்கள். அது நியாயமில்லை. அன்றைக்குக் கையில் இருந்த இரண்டு பதில்களில் அவருடையதுதான் வலுவானது. எம்பெடாக்ளிஸ் சொன்னதில் ஒரு முக்கியமான கண்ணி விடுபட்டிருந்தது. நன்றாக அமைந்தது அடுத்த தலைமுறைக்கு எப்படிப் போகிறது, தலைமுறை தலைமுறையாக எப்படிச் சேர்ந்துகொண்டே வருகிறது என்பதற்கு அவரிடம் விளக்கம் இல்லை.

அந்தக் கண்ணியைச் சார்லஸ் டார்வின் 1859இல் ‘உயிரினங்களின் தோற்றம்’ என்ற நூலில் கோத்தார். அவர் தன் வாதத்தைத் தொலைதூரத் தீவுகளிலிருந்து தொடங்கவில்லை. முதல் அத்தியாயம் முழுக்க வீட்டு விலங்குகளையும் பயிர்களையும் பற்றியது. அவரே புறா வளர்த்தார், லண்டன் புறா வளர்ப்போர் சங்கங்களில் சேர்ந்தார். நோக்கத்தோடு செய்யும் தேர்வில் தொடங்கி, நோக்கத்தைப் படிப்படியாகக் கழித்துக்கொண்டே போனால் என்ன மிஞ்சும் என்று பார்த்தார். அந்தப் படிகளைக் கொங்கு நாட்டுக்குள்ளேயே இறங்கிப் பார்க்கலாம்.

முதல் படி, நோக்கம் முழுதாக இருக்கும் இடம். கோயம்புத்தூரில் 1912இல் கரும்பு இனப்பெருக்க நிலையம் தொடங்கப்பட்டது. வட இந்தியாவின் குளிரையும் வறட்சியையும் தாங்கும் கரும்பு வேண்டும் என்பது இலக்கு. அங்கிருந்த விஞ்ஞானிகள் பார்பரும் டி.எஸ். வெங்கட்ராமனும் இனிப்பு மிகுந்த தடித்த கரும்பை, நாணல் போன்ற மெலிந்த காட்டுக் கரும்போடு கலந்தார்கள். அப்படி வந்த கோ 205 ரகம் 1918இல் வெளியானது. திட்டம், இலக்கு, ஆள் எல்லாம் இருந்தன. ஆனாலும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். எந்த நாற்று எப்படி வரும் என்று அவர்களால் கட்டளையிட முடியாது. ஒரே கலப்பில் பிறந்த நாற்றுகளிலேயே ஒன்று தடியாக வரும், ஒன்று சப்பென்று இருக்கும், ஒன்று நோயில் போகும். வந்ததில் பொறுக்குவது மட்டுமே மனிதன் கையில் இருந்தது.

இரண்டாவது படி, நோக்கம் பாதி இருக்கும் இடம். காங்கேயம் மாட்டைப் பழையகோட்டைப் பட்டக்காரர் குடும்பம் கவனமாகத் தேர்ந்து வளர்த்தது எல்லோரும் அறிந்தது. ஆனால் பட்டியில் மாடு வளர்த்த சாதாரண விவசாயி இருநூறு வருடம் கழித்து இனம் எப்படி இருக்க வேண்டும் என்று யோசித்திருக்க மாட்டார். நாளைக்கு உழ வேண்டும், கவலை பூட்டிக் கிணற்றுத் தண்ணீர் இறைக்க வேண்டும், வண்டியில் பாரம் போக வேண்டும். சீக்கிரம் களைத்துப்போகும் காளையைச் சந்தைக்கு ஓட்டிவிட்டு, திடமானதைப் பூச்சிக்காளையாக, அதாவது பொலிகாளையாக வைத்துக்கொண்டார். அவ்வளவுதான். இதை டார்வின் ‘தன்னறியாத் தேர்வு’ என்ற பொருளில் தனியாகப் பேசினார். அவர் வாதத்தின் மையம் இங்கேதான் இருக்கிறது என்பது என் எண்ணம். நோக்கம் சின்னது, நாளைய வேலையோடு முடிந்துவிடுவது. விளைவோ ஒரு முழு இனம்.

மூன்றாவது படியில் விவசாயியையும் எடுத்துவிடுவோம். காங்கேயம், தாராபுரம் பக்கமெல்லாம் மேற்குத் தொடர்ச்சி மலையின் மழைமறைவுப் பகுதி. கிளுவை வேலி போட்ட கொறங்காடு என்ற மேய்ச்சல் நிலத்தில் கொழுக்கட்டைப் புல்லும் வெள்வேல மரமும்தான் மாட்டுக்கு ஆதாரம். மழை பொய்த்த வருடத்தில், குறைந்த தீனியில் உடம்பு கெடாமல் நிற்கும் பசு அடுத்த கன்றை ஈனும். நிற்க முடியாதது ஈனாது. வறட்சிக்குத் திட்டம் கிடையாது, ரசனை கிடையாது, நாளை பற்றிய நினைப்பும் கிடையாது. ஆனால் விவசாயி பொறுக்குவதும் வறட்சி பொறுக்குவதும் மந்தையில் ஒரே வகை மாற்றத்தைத்தான் உண்டாக்குகின்றன. வேறுபாடு இருக்க வேண்டும், அது மரபாக இறங்க வேண்டும், அதைப் பொறுத்துப் பிழைப்பும் ஈற்றும் கூடிக்குறைய வேண்டும். இந்த மூன்றும் இருந்தால் போதும், பொறுக்குவதற்கு ஒரு ஆள் தேவையில்லை. அரிஸ்டாட்டில் தற்செயல், நோக்கம் என்று இரண்டு வழிகளைத்தான் பார்த்தார். இது மூன்றாவது வழி. வேறுபாடு தோன்றுவது தற்செயல். அதைச் சலிப்பது தற்செயல் இல்லை.

இங்கே ஒரு சந்தேகம் வரும். பருத்திக் காட்டில் ஒரு மருந்தைத் தொடர்ந்து அடித்தால் புழு மருந்துக்குப் பழகிவிட்டது என்கிறோம். தேவை வந்ததால்தானே புழு மாறியது? லூரியா, டெல்புரூக் என்ற இரு விஞ்ஞானிகள் 1943இல் பாக்டீரியாவை வைத்து இதைச் சோதித்தார்கள். பல குழாய்களில் தனித்தனியாக வளர்த்து, பிறகு அவற்றைக் கொல்லும் வைரஸின் முன் வைத்தார்கள். வைரஸைக் கண்ட பிறகுதான் எதிர்ப்புத் திறன் பிறக்கிறது என்றால், எல்லாக் குழாயிலும் ஏறத்தாழ ஒரே அளவுதான் பிழைத்திருக்க வேண்டும். அப்படி இல்லை. சிலவற்றில் ஒன்றும் பிழைக்கவில்லை, சிலவற்றில் ஏராளமாகப் பிழைத்தன. அதாவது, வைரஸ் வருவதற்கு முன்பே சில குழாய்களில் அந்த மாற்றம் நடந்து, பெருகியும் இருந்தது. மருந்து புழுவை மாற்றுவதில்லை. ஏற்கெனவே தாங்கக்கூடியதாக இருந்த சிலவற்றை மட்டும் விட்டுவைக்கிறது.

சரி, அப்படியானால் ‘ஆடு மேயாமல் இருக்கத்தான் முள்கிளுவைக்கு முள்’ என்று சொல்லலாமா? சொல்லலாம், பொருளைத் தெரிந்துகொண்டு சொன்னால். உயிரியலாளர் எர்ன்ஸ்ட் மேயர் 1961இல் இதைத் தெளிவாகப் பிரித்துக் காட்டினார். முள் எப்படி வளர்கிறது என்பது ஒரு கேள்வி, அது ஏன் அந்தச் செடியில் நிலைத்தது என்பது வேறு கேள்வி. இரண்டாவதற்குப் பதில் கடந்த காலத்தில் இருக்கிறது. முள் இருந்த மூதாதைகள் அதிகம் தப்பின, அதனால் இன்றைய செடியிலும் முள். நாளைக்கு வரப்போகும் ஆட்டை நினைத்து எந்தச் செடியும் முள் வளர்ப்பதில்லை.

எல்லாவற்றுக்கும் இப்படி ஒரு பயன் இருந்தே தீரும் என்றும் நினைக்கக் கூடாது. காங்கேயம் கன்று செவலையாகப் பிறந்து, ஆறு மாத வாக்கில் சாம்பல் நிற மயிலையாக மாறுகிறது. காளைக்கு வயது ஏற ஏறத் திமிலும் கழுத்தும் கருக்கின்றன. காயடித்த எருதில் அந்தக் கருமை தங்குவதில்லை, ஏனென்றால் அது ஆண் ஹார்மோனைச் சார்ந்தது. இந்த வறண்ட நிலத்துக்கு இந்த நிறம் எப்படி உதவுகிறது என்று கதை கட்டுவது சுலபம். ஆனால் ஆனைமலைக் காட்டுமாட்டைப் பாருங்கள். அதன் கன்றும் வெளிர்பழுப்பாகப் பிறந்து பிறகு கருக்கிறது. மாட்டுக் குடும்பத்தில் பல இனங்களில் இந்த வழக்கம் உண்டு. காங்கேயம் மாடு இதைக் காங்கேயத்துக்கு வெகுகாலம் முன்பே வாங்கி வந்திருக்க வேண்டும்.

காளையின் நோக்கம் என்று நாம் சொல்வது நம் நோக்கத்தைத்தான். 1930களில் பைக்காரா நீர்மின் நிலையத்து மின்சாரம் வந்தது, அதன்பின் கிணற்றுக்குக் கிணறு மோட்டார் வந்தது, கவலை இறைப்பு போனது. பிறகு டிராக்டர் வந்தது. காளையின் உடம்பில் ஒன்றும் மாறவில்லை, அதை வேண்டியவர்கள் குறைந்தார்கள், மந்தைகளும் குறைந்தன. 2017 ஜனவரியில் மெரினாவில் கூடியவர்களுக்கு அதே காளை அடையாளமாகிவிட்டது. அந்த நோக்கமும் நாம் வைத்ததுதான்.

மனிதனுக்கு வருவோம். ஒவ்வொரு உயிருக்கும் மாறாத ஒரு சாரம் உண்டு, அது அடைய வேண்டிய ஒரு நிறைவும் உண்டு என்பது அரிஸ்டாட்டிலின் எண்ணம். உயிர்களை ஓர் ஏணியில் அடுக்கும் பார்வை பல நாகரிகங்களில் உண்டு. தொல்காப்பியத்தின் ஆறறிவுப் பகுப்பைப் பரிணாமக் கொள்கை என்று சிலர் பெருமையாகச் சொல்கிறார்கள். அது அருமையான வகைப்பாடு, அதை நான் மதிக்கிறேன். ஆனால் அது ஏணி. டார்வின் 1837இல் தன் குறிப்பேட்டில் வரைந்தது கிளை பிரியும் மரம். மரத்தில் உச்சிப்படி கிடையாது.

சாரம் என்ற எண்ணம் போனதும் ‘பிறவிக் குணம்’ என்ற பேச்சுக்கும் அடிப்படை போய்விடுகிறது. மாட்டில் ‘அசல் இனம்’ என்று பேசிப் பழகிய வாய், அதே மூச்சில் சாதியையும் அப்படிப் பேசுவதை நம் ஊரில் எத்தனையோ பேர் கேட்டிருப்பீர்கள். எனக்கு அது பெரிய வேதனை. காங்கேயம் மந்தையிலேயே ஒன்றைப் போல் ஒன்று இருக்காது. மனிதரிலோ, மரபணு வேறுபாட்டில் சுமார் 85 விழுக்காடு ஒவ்வொரு மக்கள் கூட்டத்துக்கு உள்ளேயே இருக்கிறது என்று மரபியலாளர் ரிச்சர்ட் லெவான்டின் 1972இல் கணக்கிட்டார். ஒரு கூட்டத்தின் சாரம் என்று தனியாகப் பிரித்தெடுக்க அங்கே எதுவும் இல்லை.

மனித இயல்பு என்பது நின்றுபோன ஒன்றும் இல்லை. பாலையே எடுத்துக்கொள்ளுங்கள். பாலில் உள்ள லாக்டோஸ் என்ற சர்க்கரையைச் செரிக்கும் லாக்டேஸ் என்ற நொதி, பால்குடி மறந்ததும் குறைந்துவிடுவதுதான் பாலூட்டிகளின் பொது வழக்கம். உலகின் பெரியவர்களில் சுமார் மூன்றில் இரண்டு பங்கினருக்கு இன்றும் அப்படித்தான். மாடு வளர்த்துப் பால் கறந்த சில சமூகங்களில், அந்த நொதியைப் பெரிய வயதிலும் நிறுத்தாத மரபணு மாற்றங்கள் கடந்த சில ஆயிரம் ஆண்டுகளில் பரவின. கிழக்கு ஆப்பிரிக்க மேய்ச்சல் மக்களிடம் ஒன்று, ஐரோப்பாவில் வேறொன்று. ஐரோப்பாவில் உள்ள அதே மாற்றம் இந்தியாவிலும் உண்டு, வடமேற்கில் அதிகமாகவும் தெற்கே வர வரக் குறைவாகவும். மனிதர்கள் மாட்டைத் தேர்ந்தார்கள், அந்தப் பழக்கம் திரும்பி மனிதர்களையும் தேர்ந்தது.

அப்படியென்றால் பெரியவர்கள் பால் குடிப்பது இயற்கையா, இயற்கைக்கு மாறானதா? நம் உடலின் வரலாறு என்ன நடந்தது என்று சொல்லும், என்ன செய்ய வேண்டும் என்று சொல்லாது. ‘இருக்கிறது’ என்பதிலிருந்து ‘இருக்க வேண்டும்’ என்பதற்குத் தாவ முடியாது என்று தத்துவவாதி டேவிட் ஹியூம் 18ஆம் நூற்றாண்டிலேயே எச்சரித்தார். அந்த மரபணு மாற்றம் இல்லாதவர்கள் நம் ஊரில் நிறையப் பேர் உண்டு. ஒரு சொம்புப் பாலைக் குடித்தால் அவர்களில் பலருக்கு வயிறு உப்பிக்கொள்ளும். அதே பாலை உறை ஊற்றித் தயிராக்கினால், பாக்டீரியா லாக்டோஸில் ஒரு பகுதியைத் தின்றுவிடும். அந்தத் தயிரையும் அதைக் கடைந்த மோரையும் அவர்கள் பெரும்பாலும் தொல்லையில்லாமல் சாப்பிடலாம்.