ரியல் அனாலிசிஸ்: எந்தப் புத்தகம், எப்போது கணக்கு?

பி.எஸ்சி கணிதத்தில் ரியல் அனாலிசிஸ் (மெய்யெண்கள், எல்லை, தொடர்ச்சி ஆகியவற்றை நிரூபணத்தோடு படிக்கும் பாடம்) தாள் வரும் செமஸ்டர் தொடங்கியதும் மாணவர்கள் கேட்கும் முதல் கேள்வி, "சார், எந்தப் புத்தகம் வாங்கலாம்?" அடுத்த கேள்வி, "அதுக்கு சொல்யூஷன் கிடைக்குமா?" முதல் கேள்விக்குப் பதில் சொல்வது சுலபம். வகுப்பெடுத்தும் விடைத்தாள் திருத்தியும் நான் பார்த்தவரை, பிள்ளைகள் இந்தப் பாடத்தில் தடுக்கி விழுவது பெரும்பாலும் இரண்டாவது கேள்வியில்தான்.

பிளஸ் டூ வரை கணக்கு என்றால் கடைசி வரியில் ஒரு எண்ணோ கோவையோ வந்து நிற்கும். புத்தகத்தின் பின்பக்கத்தைப் புரட்டிச் சரிபார்த்துக்கொள்ளலாம். அனாலிசிஸில் கடைசி வரியைக் கேள்வியே கொடுத்துவிடுகிறது: "என நிறுவுக." மதிப்பெண் முழுக்க நடுவில் இருக்கிறது. அதனால்தான் வகைக்கெழுவும் தொகையீடும் சரசரவென்று போட்டுக்கொண்டிருந்த பிள்ளை, முதல் இன்டர்னலில் அடிவாங்கியதும் தனக்குக் கணக்கே வராது என்று முடிவு கட்டிவிடுகிறது. அப்புறம் தேற்றங்களை மனப்பாடம் செய்ய ஆரம்பிக்கிறது. வரம்புடைய (உறுப்புகள் எல்லாம் ஒரு அளவுக்குள் அடங்கும்) ஒவ்வொரு தொடர்வரிசைக்கும் குவியும் (ஒரே எண்ணை நெருங்கிக்கொண்டே போகும்) உட்தொடர்வரிசை ஒன்று உண்டு என்ற போல்சானோ-வையர்ஸ்ட்ராஸ் தேற்றத்தை ஒரு கமா மாறாமல் எழுதுவார்கள். "வரம்புடைய என்ற சொல்லை எடுத்துவிட்டால் எங்கே உடையும், ஒரு உதாரணம் சொல்லுப்பா" என்றால் விழிப்பார்கள். விடை 1, 2, 3, 4 என்று எண்ணிக்கொண்டே போவதுதான். அதைவிடச் சின்ன உதாரணம் கிடையாது.

சரி, புத்தகத்துக்கு வருவோம். வால்டர் ருடின் 1953-ல், எம்.ஐ.டி.யில் இளம் ஆசிரியராக இருந்தபோது எழுதிய நூலைத்தான் உலகம் முழுக்க 'பேபி ருடின்' என்கிறார்கள். 1976-ல் வந்த மூன்றாம் பதிப்புதான் இன்றும் கைமாறிக்கொண்டிருக்கிறது. சீனியர் சொன்னார், ஐ.ஐ.டி.யில் இதுதான் நடத்துகிறார்கள் என்று கேள்விப்பட்டு, முதல் புத்தகமாக இதை வாங்குபவர்கள் அதிகம். அருமையான புத்தகம்தான், மறுக்கவில்லை. ஆனால் ஆசிரியர் துணையில்லாமல் படிப்பவருக்கு இது இரண்டாவது புத்தகம். எண்கோட்டையே சரியாகப் பழகாதவரை இரண்டாம் அத்தியாயத்திலேயே மெட்ரிக் வெளிக்குள் (புள்ளிகளுக்கு இடையே தூரம் மட்டும் வரையறுத்த பொதுவான வெளி) தள்ளிவிடும். முதல் புத்தகமாக நான் சொல்வது பார்ட்டில்-ஷெர்பர்ட், அல்லது ஸ்டீபன் அபாட்டின் நூல். முன்னதில் செய்துகாட்டிய உதாரணங்கள் நிறைய. பின்னது ஒவ்வொரு அத்தியாயத்தையும் ஒரு சிக்கலோடு தொடங்கும்: முடிவிலித் தொடரின் உறுப்புகளை இடம் மாற்றிக் கூட்டினால் விடை மாறுகிறதே, ஏன்? கேள்வி மனதில் உறுத்திய பிறகு வரையறை வருவதால், அது வானத்திலிருந்து குதித்ததுபோலத் தோன்றாது. டெரன்ஸ் டாவ் எழுதிய இரண்டு தொகுதிகளைத் தில்லி ஹிந்துஸ்தான் புக் ஏஜென்சி 2006-ல் வெளியிட்டது. 0, 1, 2 என்றால் என்ன என்பதிலிருந்தே அவர் தொடங்குவார், பல நிரூபணங்களை வேண்டுமென்றே பயிற்சியாக விட்டுவிடுவார். பொறுமை இருப்பவர்களுக்கு நல்லது. தமிழ்நாட்டுப் பாடத்திட்டங்களில் நெடுங்காலமாக இருக்கும் கோல்ட்பெர்க்கையும் குறைத்து மதிப்பிட வேண்டாம். பரீட்சைக்கு அதுதான் பாடநூல் என்றால் அதையே ஒழுங்காகப் படிக்கலாம். மூன்று புத்தகத்தின் முதல் அத்தியாயத்தை மட்டும் படித்தவர்களை நிறையப் பார்க்கிறேன். ஒரே புத்தகத்தின் ஏழு அத்தியாயத்தைப் படித்தவர் அபூர்வம்.

எந்தப் புத்தகமானாலும் படிக்கும் விதம் ஒன்றுதான். ருடினின் முதல் அத்தியாயத்திலிருந்தே ஒரு இடத்தைக் காட்டுகிறேன். வர்க்கம் 2-ஐவிடக் குறைவாக இருக்கும் நேர்ம விகிதமுறு எண்களில் மிகப்பெரியது என்று ஒன்று கிடையாது. இதை நிறுவ அவர் ஒரு சூத்திரத்தைத் திடீரென்று எடுத்துவைப்பார். ஒரு எண்ணை எடுத்துக்கொள். 2-லிருந்து அதன் வர்க்கத்தைக் கழி. வந்ததை, அந்த எண்ணோடு 2 கூட்டியதால் வகு. கிடைத்ததை அந்த எண்ணோடு சேர். புதிய எண் பழையதைவிடப் பெரியது, ஆனால் அதன் வர்க்கமும் 2-க்குள்ளேதான் இருக்கும். இரண்டு வரியில் சரிபார்த்துவிட்டு அவர் அடுத்ததற்குப் போய்விடுவார். மாணவரும் வரிகளைச் சரிபார்த்து டிக் அடித்துவிட்டுப் பக்கத்தைத் திருப்புகிறார். இது எங்கிருந்து வந்தது என்று கேட்பவர் வகுப்பில் ஒருவர் இருந்தால் அதிசயம்.

பென்சிலை எடுத்து 1-லிருந்து தொடங்கிப் பாருங்கள். முதலில் 4/3. அடுத்து 7/5. அப்புறம் 24/17, அதன்பின் 41/29. தசமத்தில் 1.333, 1.4, 1.4118, 1.4138 என்று √2-ஐ நெருங்குகிறது, தாண்டவே இல்லை. ஏன் தாண்டவில்லை? 2-லிருந்து வர்க்கத்தைக் கழித்ததைக் காரணிப்படுத்துங்கள். √2-க்கு இன்னும் மிச்சமிருக்கும் தூரம் ஒரு காரணி. √2-உம் நம் எண்ணும் சேர்ந்தது இன்னொன்று. இரண்டாவது காரணியாலேயே வகுத்தால் சரியாக √2-இல் போய் இறங்குவோம். ஆனால் √2 விகிதமுறா எண், அதை வைத்து வகுத்தால் ஆட்டம் முடிந்தது. எனவே √2-க்குப் பதில் கொஞ்சம் பெரிய 2-ஐப் போட்டு வகுக்கிறோம். வகுக்கும் எண் பெரிதானதால் எட்டு வைக்கும் தூரம் குறைகிறது. மிச்சமிருக்கும் தூரத்துக்குள்ளேயே நின்றுவிடுகிறோம். அவ்வளவுதான் ரகசியம். 2-க்குப் பதில் 3 போட்டாலும் வேலை செய்யுமா? வர்க்கம் 2-ஐவிடப் பெரிய எண்ணிலிருந்து தொடங்கினால் என்ன ஆகும்? 5-இன் வர்க்கமூலத்துக்கு எப்படி மாற்றுவீர்கள்? அரைப் பக்கத்துக்கு ஒரு மாலைப்பொழுது போகும். போகட்டும். அனாலிசிஸ் புத்தகத்தின் வேகம் அதுதான்.

இப்போது பயிற்சிக் கணக்குகள். அத்தியாயத்தின் இறுதியில் இருப்பவை நமக்கு வைக்கும் பரீட்சை என்று பலர் நினைக்கிறார்கள். நல்ல புத்தகத்தில் அவை அத்தியாயத்தின் மறுபாதி. பல இடங்களில் பாடத்தில் சொல்லாமல் விட்ட தேற்றமே கணக்காக வந்து உட்கார்ந்திருக்கும்.

தனியாக வரும் கணக்குத் தொகுப்புகள் வேறு ரகம். அவற்றிலும் வகை தெரியாமல் வாங்கி ஏமாறுபவர்கள் உண்டு. சோவியத் காலத்து மீர் பதிப்பகம் வெளியிட்ட தெமிதோவிச் தொகுப்பு ஒரு வகை. அந்தக் காலத்தில் என்.சி.பி.எச். கடைகளில் மலிவு விலைக்கு மீர் புத்தகங்கள் கிடைத்தன. ஒரு தலைமுறையே அவற்றை வைத்துக் கணக்குப் பழகியது. எல்லை, வகைக்கெழு, தொகையீடு என்று ஆயிரக்கணக்கில் கணக்குகள், பின்னால் விடைகள். கை பழகுவதற்கு அதை அடிக்க ஆள் இல்லை. ஆனால் அதை முடித்தால் நிரூபணம் எழுத வந்துவிடும் என்று எதிர்பார்க்கக் கூடாது. அதற்குக் காச்சோர்-நோவாக் மூன்று தொகுதிகள் பொருத்தம்: முதலாவதில் மெய்யெண்கள், தொடர்வரிசைகள், தொடர்கள், இரண்டாவதில் தொடர்ச்சியும் வகையிடலும், மூன்றாவதில் தொகையீடு. முதற்பாதி கணக்கு, பிற்பாதி முழுத் தீர்வு. இந்தப் பிற்பாதிதான் ஆபத்து, அதற்கு வருகிறேன். போல்யாவும் செகோவும் 1925-ல் வெளியிட்ட தொகுப்பு இன்னும் மேலே. தலைப்புவாரியாக இல்லாமல் தீர்க்கும் உத்திவாரியாகக் கணக்குகளை அடுக்கினார்கள். ஒன்றைத் தீர்த்தால் அடுத்ததற்குக் கதவு திறக்கும். எம்.எஸ்சி முடிக்கும்போது கையில் எடுத்தால் போதும்.

ஒரே ஒரு கணக்கை எடுத்து, மாணவர் எங்கே நிற்கிறார் என்று காட்டுகிறேன். எல்லாத் தொகுப்பிலும் இருக்கும் கணக்கு இது: ஒரு தொடர்வரிசை பூச்சியத்துக்குக் குவிந்தால், அதன் உறுப்புகளின் சராசரியும் பூச்சியத்துக்குக் குவியும் என நிறுவுக. பெரும்பாலான விடைத்தாளில் "உறுப்புகள் சிறியவை, எனவே சராசரியும் சிறியது" என்றுதான் இருக்கும். முதல் நூறு உறுப்புகள் சிறியவை அல்லவே! அவை ஒவ்வொன்றும் 1000 ஆகவே இருக்கலாம். அங்கேதான் யோசிக்க வேண்டும். நூறுக்குப் பிறகு எல்லா உறுப்பும் 0.01-க்குள் அடங்கிவிடுகிறது என்று வைப்போம். முதல் நூறின் கூட்டுத்தொகை 1,00,000. அது அதோடு சரி, இனி வளராது. ஆனால் வகுக்கும் எண்ணிக்கை வளர்ந்துகொண்டே போகிறது. ஒரு கோடியாவது உறுப்பைத் தாண்டியதும் அந்தப் பழைய பாரத்தின் பங்கு 0.01-க்குக் கீழே போய்விடும். மீதி உறுப்புகளின் பங்கும் 0.01-க்கு மேல் போகாது. மொத்தம் 0.02-க்குள். இந்த எண்களுக்குப் பதில் எப்சிலானை, அதாவது எவ்வளவு சிறிதாகவும் எடுக்கக்கூடிய ஒரு நேர்ம எண்ணை, போட்டு எழுதினால் நிரூபணம் முடிந்தது.

தலையையும் வாலையும் பிரித்து, தலையை ஒரு விதமாகவும் வாலை வேறு விதமாகவும் அடக்குவது. இந்த உத்தியைத் தானாகக் கண்டுபிடித்தவருக்கு அடுத்த இரண்டு செமஸ்டரில் அது திரும்பத் திரும்பக் கைகொடுக்கும். தொடர்களில் வரும், தொகையீட்டில் வரும், ஃபூரியே தொடரில் வரும். தீர்வைப் படித்து "ஓ, பிரிக்கணுமா" என்று தலையாட்டியவருக்கு அது இந்த ஒரு கணக்கின் விடை மட்டுமே.

இன்றைக்குப் போனில் படம்பிடித்துப் போட்டால் முழுத் தீர்வும் அரை நிமிடத்தில் வந்துவிடுகிறது. பார்க்கவே பார்க்காதே என்று சொன்னால் யாரும் கேட்கப்போவதில்லை. அதனால் நான் சொல்வது வேறு. முதலில் கொடுத்தது என்ன, வேண்டியது என்ன என்று எப்சிலானோடு முழு வாக்கியமாக எழுதுங்கள். எளிய உதாரணம் ஒன்றில் எண் போட்டுப் பாருங்கள். ஒரு நாளாவது அதோடு கிடங்கள். அப்படியும் வரவில்லையென்றால் தீர்வின் முதல் வரியை மட்டும் படித்துவிட்டு மூடிவிடுங்கள். முழுதும் படித்தே ஆக வேண்டியிருந்தால் படியுங்கள், ஆனால் இரண்டு நாள் கழித்து வெற்றுத்தாளில் எழுதிப் பாருங்கள். அங்கே கை நிற்கும் இடம்தான் உங்களுக்குப் புரியாத இடம். வாரத்துக்கு நான்கைந்து கணக்கு இப்படிப் போனால் தாராளம். காச்சோர்-நோவாக்கின் ஒரு அத்தியாயத்தை ஒரே ஞாயிற்றுக்கிழமையில் "முடித்தேன்" என்று வருபவரிடம் நான் முதல் கணக்கையே திரும்பக் கேட்பேன்.

எப்சிலானை எழுதுவதில் பெரும்பாலோர் சறுக்குவது வரிசையில். எது முதலில் வருகிறது, எது எதைப் பொறுத்தது? 0-க்கும் 1-க்கும் இடையே ஒரு எண்ணின் அடுக்குகள் பூச்சியத்துக்குப் போகும் என்பது எல்லோருக்கும் தெரியும். எப்போது பாதிக்குக் கீழே இறங்கும் என்று கால்குலேட்டரில் தட்டிப் பார்க்கச் சொல்வேன். 0.9 என்றால் 7-ஆம் அடுக்கில். 0.99 என்றால் 69. 0.999-க்கு 693. எல்லா எண்ணுக்கும் பொதுவாக ஒரே அடுக்கைச் சொல்ல முடியாது. 1-ஐ நெருங்க நெருங்க அது ஓடிக்கொண்டே இருக்கும். புள்ளிவாரியாகக் குவிவதற்கும் (ஒவ்வொரு எண்ணுக்கும் தனித்தனி அடுக்கு) சீராகக் குவிவதற்கும் (எல்லா எண்ணுக்கும் ஒரே அடுக்கு போதும்) உள்ள வித்தியாசம் மொத்தமும் இந்த மூன்று எண்களில் இருக்கிறது. இதில் தடுமாறுவது அவமானமும் இல்லை. தொடர்ச்சியான சார்புகளைக் கூட்டிக் குவியும் தொடரின் கூடுதலும் தொடர்ச்சியானதுதான் என்று கோஷி 1821-ல் தன் பாடநூலிலேயே எழுதினார். 1826-ல் ஏபெல் ஓர் அடிக்குறிப்பில், இதற்கு விதிவிலக்கு இருப்பதாகத் தெரிகிறது என்று ஒரு சைன் தொடரைக் காட்டினார். அதன் கூடுதல் π-ஐ நெருங்கும்போது π-இல் பாதியை நோக்கிப் போகும். சரியாக π-இல் ஒவ்வொரு உறுப்பும் பூச்சியம் என்பதால் கூடுதலும் பூச்சியம். அந்த ஓட்டையை அடைக்கும் சீர்க்குவிதல் என்ற கருத்து தெளிவாக உருப்பெற இன்னும் சில பத்தாண்டுகள் ஆயின. நம் பிள்ளைகளுக்கு அதற்கு ஒரு வாரம் ஒதுக்கியிருக்கிறார்கள்.

பி.ஜி. டி.ஆர்.பி., நெட் எழுதுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. கோச்சிங் சென்டர் மெட்டீரியலில் ஷார்ட்கட் இருக்கும், பழைய வினாத்தாள் இருக்கும். அவை வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் "பின்வருவனவற்றுள் எது சரி" என்ற வினாவில் மூன்று தவறான விடைகளைத் தள்ளுவதற்குத் தேவை எதிர் உதாரணங்கள். கெல்பாமும் ஓம்ஸ்டெடும் 1964-ல் அதற்கென்றே ஒரு புத்தகம் போட்டார்கள், டோவர் பதிப்பில் கிடைக்கிறது. அதைப் புரட்டும் முன், தேற்றம் ஒவ்வொன்றிலும் ஒரு நிபந்தனையை உருவிவிட்டு, உடையும் உதாரணத்தை நீங்களே தேடிப் பாருங்கள். தொடங்குவதற்கு ஒன்று: மேலே சொன்ன சராசரிக் கணக்கின் மறுதலை தவறு, 1, –1, 1, –1 என்று மாறி மாறி வருவதே அதைக் காட்டிவிடும். ஆனால் அதன் உறுப்புகள் வரம்புக்குள்தான் இருக்கின்றன. எல்லா உறுப்பும் பூச்சியமோ நேர்மமோ ஆக இருந்து, எந்த வரம்புக்கும் அடங்காமல், சராசரி மட்டும் பூச்சியத்துக்குப் போகும்படி ஒரு தொடர்வரிசை செய்ய முடியுமா? பெரிய எண்களை எங்கெங்கே, எவ்வளவு தள்ளித் தள்ளி வைக்கலாம் என்பதிலிருந்து யோசியுங்கள்.