வெக்கை நோயும் ஹெரெரோ நிலமும்

இன்றைய நமீபியாவில் ஹெரெரோ மக்களின் நிலம் ஜெர்மானியக் குடியேறிகள் கைக்கு மாறிய கதையைப் பலரும் துப்பாக்கியிலிருந்துதான் தொடங்குவார்கள். 1897-இல் வந்த மாட்டு வெக்கை நோயிலிருந்து தொடங்கினால்தான் கணக்கு நேராகும்.

2011-இல் உலகிலிருந்தே ஒழிக்கப்பட்டுவிட்ட இந்நோயின் வைரஸ் தட்டம்மை வைரஸுக்கு நெருங்கிய உறவு. உடலுக்கு வெளியே நெடுநேரம் தாங்காது. ஆனால் வறண்ட நாட்டில் எல்லா மந்தையும் ஒரே நீர்நிலைக்குத்தானே வந்தாக வேண்டும்? மூக்குச்சளி, எச்சில், சாணம் வழியே அங்கே எளிதாகத் தொற்றிவிடும். முதலில் காய்ச்சல், பிறகு வாயெல்லாம் புண், அடுத்து நிற்காத கழிச்சல். நீர்ச்சத்து வற்றி 6 முதல் 12 நாளில் மாடு சாயும். நோயை முன்பு கண்டிராத மந்தையில் 100-க்கு 90 வரை போய்விடும்.

தடுப்பு இல்லாமல் இல்லை. 1897 தொடக்கத்தில் ஜெர்மன் நுண்ணுயிரியலாளர் ராபர்ட் கோச் தென்னாப்பிரிக்காவின் கிம்பர்லியில் ஒரு முறையைக் கண்டறிந்தார். நோயில் செத்த மாட்டின் பித்தநீரை எடுத்து, நல்ல மாட்டின் தோலுக்கடியில் 10 மில்லி செலுத்த வேண்டும். சுமார் 10 நாளில் எதிர்ப்பு வரும். பித்தநீரில் வீரியமான வைரஸ் மிஞ்சியிருந்தால் ஊசியே நோயைக் கொடுத்துவிடும். அழுகிய பித்தநீர் என்றால் சீழ்க்கட்டி. இத்தனை குறையோடும் குடியேறிகளின் மந்தைகளில் கணிசமானவை பிழைத்தன. ஹெரெரோ மந்தைகளில் பெரும்பகுதி அழிந்தது.

ஹெரெரோவுக்கு மாடுதான் உணவு, சேமிப்பு, மரியாதை எல்லாம். பாலும் மோரும் போனதும் வியாபாரிகளிடம் கடனுக்குத் தானியம் வாங்கினார்கள். கடனை அடைக்க மிஞ்சிய மாடும் பிறகு நிலமும் போயின. 1902 வாக்கில் ஹெரெரோக்களிடம் ஏறத்தாழ 46,000 மாடுகள். ஆயிரத்துச் சொச்சம் வெள்ளையரிடம் 44,000-க்கு மேல்.

கடன் கொடுமையைக் கட்டுப்படுத்த 1903-இல் ஜெர்மன் காலனி நிர்வாகம் ஓர் ஆணை போட்டது: ஓராண்டுக்குள் வசூலிக்காத கடன் செல்லாது. நல்லெண்ணம்தான், ஆனால் காலக்கெடுவைத் தலையில் வைத்தால் வியாபாரி என்ன செய்வான்? கெடு முடிவதற்குள் கிடைத்த மாட்டையெல்லாம் பிடித்துக்கொண்டு போனார்கள். 1904 ஜனவரியில் ஒகஹாண்ட்யா ஊரில் ஹெரெரோ கிளர்ச்சி வெடித்தது. அக்டோபர் 2-ஆம் தேதி ஜெர்மன் தளபதி ட்ரோதா ஹெரெரோக்களை அழிக்கும் ஆணை பிறப்பித்தார். ஓமஹெகே பாலைநிலத்துக்குள் விரட்டப்பட்டவர்களில் பெருந்தொகையினர் தாகத்தால் இறந்தனர். 1907-இல் வந்த சட்டம், ஆளுநர் அனுமதியின்றி ஹெரெரோக்கள் நிலமோ மாடோ வைத்திருக்கத் தடை விதித்தது.