நத்தை ஓட்டுக்கு ஏற்ற தண்ணீர்

செட்டிநாட்டுப் பள்ளத்தூரில் எங்கள் வீட்டு இரண்டாங்கட்டில் இருக்கும் மீன்தொட்டியில் மிஸ்டரி நத்தை எனப்படும் பொன்மஞ்சள் நிற நத்தைகள் இரண்டை விட்டு மூன்று மாதம் ஆகியிருந்தபோது, அவற்றின் ஓட்டில் உச்சிச் சுருளில் மட்டும் வெள்ளைப் புள்ளிகள் தோன்றின. முதலில் அதைப் பாசி என்றே எண்ணினேன். உருப்பெருக்கிக் கண்ணாடியை வைத்துப் பார்த்தபோதுதான், மேல்தோல் உரிந்து சுண்ணம் வெளியே தெரிவதும், அந்தச் சுண்ணத்தில் ஊசி முனையளவுக் குழிகள் விழுந்திருப்பதும் புலப்பட்டன. தொட்டியில் அழுக்கு இல்லை. மீன்களுக்கு ஒரு குறையும் இல்லை. ஐப்பசி மழையின்போது வளவு வாசலில் கொட்டிய நீரை அண்டாக்களில் பிடித்து, துணியில் வடிகட்டி, அதை மட்டுமே தொட்டிக்கு ஊற்றி வந்திருந்தேன். கூரை ஓட்டுச் சரிவு முழுவதையும் முற்றத்தை நோக்கித் திருப்பி, விழுகிற மழையை ஒரு சொட்டு விடாமல் பிடித்து வைத்த வீடுகளில் வளர்ந்தவர்களுக்கு, மழைநீரைவிட நல்ல நீர் ஒன்று உண்டு என்பது எளிதில் மனத்தில் ஏறாது. ஆனால் நத்தைக்குத் தேவை தூய்மையான நீர் மட்டுமன்று. சுண்ணச்சத்து கரைந்த நீர்.

காரணம் ஓட்டின் கட்டுமானத்தில் இருக்கிறது. நத்தையின் உடலைப் போர்த்தியிருக்கும் மேன்டில் என்னும் மெல்லிய தசைப்போர்வை, நீரிலிருந்தும் உணவிலிருந்தும் கிடைக்கும் கால்சியத்தை ஓட்டின் வாய் விளிம்புக்குக் கொண்டுவந்து, அங்கே புரதத்தால் ஆன நுண்சட்டம் ஒன்றின்மேல் கால்சியம் கார்பனேட்டைப் படிகம் படிகமாகப் படியவைக்கிறது. வெளிப்புறத்தில் கொம்புப்பொருள் போன்ற மெல்லிய புரதத்தோல் ஒன்று, வார்னிஷ் பூசியதுபோல, அந்தச் சுண்ணத்தை நீரிலிருந்து மறைத்துக் காக்கிறது. ஓடு வளர்வது வாய் விளிம்பில் மட்டுமே. ஆகவே உச்சிச் சுருள் என்பது நத்தை குஞ்சாக இருந்தபோது கட்டிய பகுதி. வயதில் மூத்த அந்த இடத்தில்தான் தோல் முதலில் தேய்கிறது, அரிப்பும் அங்கேயே தொடங்குகிறது. மேன்டில் ஓட்டுக்கு உள்ளே இருப்பதால், வெளிப்புறத்தில் விழுந்த குழியை நத்தையால் நிரப்ப முடியாது. மிஞ்சிப்போனால் உள்பக்கமாக ஓர் ஒட்டுப் போட்டுக்கொள்ளும்.

காற்றிலுள்ள கரியமில வாயுவைக் கரைத்துக்கொண்டு இறங்கும் மழைநீர், மாசு ஏதும் கலவாத நிலையிலேயே சற்று அமிலத்தன்மை கொண்டது, அதன் பி.எச். அளவு (7 நடுநிலை, அதற்குக் கீழே அமிலம், மேலே காரம்) சுமார் 5.6. தொட்டிக்குள் வந்தபின் நிலைமை இன்னும் மோசமாகிறது. மீன்கழிவிலிருந்து வரும் அம்மோனியாவை நுண்ணுயிரிகள் முதலில் நைட்ரைட்டாகவும் பிறகு நைட்ரேட்டாகவும் மாற்றும்போது அமிலம் உண்டாகிறது. கிணற்று நீராக இருந்தால் அதில் கரைந்துள்ள பைகார்பனேட் அந்த அமிலத்தைச் சமன் செய்துவிடும். மழைநீரில் அப்படிப்பட்ட கையிருப்பு எதுவும் இல்லை. அமிலநீர் கால்சியம் கார்பனேட்டைக் கரையக்கூடிய கால்சியம் பைகார்பனேட்டாக மாற்றி எடுத்துக்கொண்டு போகிறது. சுண்ணாம்புப் பாறைகளில் குகை விழுவதும் இதே வினையால்தான். இங்கே பாறையின் இடத்தில் ஒரு நெல்லிக்காய் அளவு நத்தை இருக்கிறது.

அந்தத் தொட்டிக்குப் பின்னால் இருக்கும் சுவரும் அதே பொருள்தான் என்பதை எண்ணினால் வியப்பாக இருக்கும். கைவைத்தால் கண்ணாடிபோல வழுக்கும் செட்டிநாட்டுச் சுண்ணப்பூச்சில் முட்டை வெண்கருவும் கடுக்காயும் கருப்பட்டியும் சேர்ந்ததைப் பற்றியே எல்லோரும் பேசுகிறார்கள். ஆனால் அதன் அடிப்படை சுட்ட கிளிஞ்சல், அதாவது மெல்லுடலிகள் கட்டி விட்டுப்போன ஓடு. சுமார் 900 டிகிரி செல்சியஸ் சூட்டில் கிளிஞ்சல் கரியமில வாயுவை இழந்து நீறாத சுண்ணாம்பாகிறது. தண்ணீர் ஊற்ற நீறுகிறது. சுவரில் ஏறியபின் காற்றிலுள்ள கரியமில வாயுவை மெல்ல உறிஞ்சி மறுபடி கால்சியம் கார்பனேட்டாகிறது. இதை நினைத்துக்கொண்டு யாரும் வெற்றிலைச் சுண்ணாம்பைத் தொட்டியில் கரைத்துவிடக் கூடாது. நீற்றிய சுண்ணாம்பு கால்சியம் ஹைட்ராக்சைடு. அது நிறைகரைசலாகும்போது பி.எச். 12-ஐத் தாண்டும்; தொட்டியில் சிறிதளவு கலந்தாலே பி.எச். திடீரென ஏறி, நத்தையும் மீனும் செத்துப்போகக்கூடும். கால்சியம் தேவைதான், ஆனால் கார்பனேட்டாக, மெதுவாகக் கரையும் வடிவில்.

அதற்குச் சிறந்த பொருள் நாட்டு மருந்துக் கடையிலேயே கிடைக்கிறது. கடல் நுரை என்று கேட்டால் கொடுப்பார்கள். உண்மையில் அது நுரையன்று, கணவாயின் உடலுக்குள் இருக்கும் ஓடு. வெள்ளையாக, நகத்தால் கீறினால் மாவாக உதிரும். உள்ளங்கை அளவுத் துண்டைக் கழுவித் தொட்டியில் போட்டால், அதன் நுண்ணறைகளில் காற்று நிறைந்திருப்பதால் சில நாள் மிதக்கும். நூலில் கட்டிக் கல்லோடு இறக்கிவிடலாம். தண்ணீர் அமிலமாக ஆக அது கூடுதலாகக் கரையும், அமிலம் குறைந்தால் கரைவதும் குறையும் என்பதால் அளவு பார்த்துப் போடவேண்டிய கவலை இல்லை. நத்தைகள் அதன்மேல் ஏறி, ராடுலா என்னும் அரம்போன்ற நாக்கால் சுரண்டித் தின்னவும் செய்யும். முட்டை ஓட்டைக் கொதிக்கவைத்து, உட்சவ்வை உரித்து, நொறுக்கிப் போடுவதும் இதே பலனைத் தரும்.

தண்ணீரைப் பொறுத்தவரை, எங்கள் பக்கத்து ஆழ்துளைக் கிணற்று நீரே, அதாவது போர் தண்ணீரே, மழைநீரைவிட நத்தைக்கு ஏற்றது. சோப்பு நுரைக்காத, குக்கரின் அடியில் வெண்படலம் படியும் நீரைக் குறை சொல்லித்தான் நமக்குப் பழக்கம்; அந்தப் படலம் ஓடு கட்டும் கச்சாப்பொருள். நத்தை வளர்ப்போர் 8 முதல் 18 டிகிரி வரையிலான கடினத்தன்மையை நல்லதென்பார்கள். ஒரு டிகிரி என்பது லிட்டருக்கு 17.8 மில்லிகிராம் கால்சியம் கார்பனேட்டுக்குச் சமம். கேனில் வரும் ஆர்.ஓ. நீரில் இந்த உப்புகள் பெரும்பாலும் நீக்கப்பட்டிருக்கும். ஆகவே குடிக்க எவ்வளவு இனிப்பாக இருந்தாலும் அது தொட்டிக்கு ஆகாது. குழாய் நீர் என்றால் குளோரின் போக ஒரு நாள் திறந்த வாளியில் வைத்துவிட்டு ஊற்றவேண்டும். மழைநீருக்கும் ஓர் இடம் உண்டு. கோடையில் தொட்டி நீர் ஆவியாகும்போது உப்புகள் பின்தங்கிச் செறிவு ஏறுவதால், குறைந்த அளவை ஈடுகட்ட மட்டும் மழைநீர் ஊற்றுவதே சரி. இப்படி மாற்றி ஆறு வாரத்தில் என் நத்தைகளின் வாய் விளிம்பில் சீரான புது ஓடு வளர்ந்தது. மங்கிய பழைய ஓட்டுக்கும் பளபளக்கும் புதியதற்கும் நடுவே ஒரு கோடு இன்றும் தெளிவாகத் தெரிகிறது.

செட்டிநாட்டு வீட்டில் இன்னோர் ஆபத்து, செம்புத் தவலை. செம்பில் வைத்த தண்ணீர் உடம்புக்கு நல்லது என்பது அப்பத்தா வாக்கு. அதில் நுண்கிருமிகள் சாவதும் உண்மை. ஆனால் நீரில் கரையும் செம்பு அயனிகள் நத்தை தன் உடலில் சோடியத்தைத் தக்கவைத்துக்கொள்ளும் ஏற்பாட்டைக் குலைக்கின்றன. மீனுக்குத் தீங்கு செய்யாத சிறு அளவே நத்தைக்கு நஞ்சாகிவிடும். இத்தனைக்கும் இந்த நத்தையின் இரத்தத்தில் உயிர்வளியைச் சுமக்கும் ஹீமோசயனின் என்ற புரதமே செம்பைக் கொண்டதுதான்: புரதத்துக்குள் கட்டுண்ட செம்பு உயிர் காக்கிறது, நீரில் தனியாக அலையும் செம்பு கொல்கிறது. மீன்களின் வெண்புள்ளி நோய்க்கான மருந்துகள் சிலவற்றில் மயில் துத்தம், அதாவது செம்பு சல்பேட், சேர்க்கப்பட்டிருக்கும். நத்தை உள்ள தொட்டியில் ஊற்றுமுன் புட்டியின் மேலுள்ள பட்டியலைப் படிப்பது அவசியம்.

அடுத்தது வெயில். 20 டிகிரி நீர் லிட்டருக்கு ஏறத்தாழ 9 மில்லிகிராம் உயிர்வளியைக் கரைத்து வைத்திருக்கும்; 30 டிகிரியில் அது 7.5 அளவுக்கு இறங்கிவிடுகிறது. மிஸ்டரி நத்தை எனக் கடைகளில் விற்கப்படும் பொமேசியா டிஃப்யூசா தென்னமெரிக்காவைச் சேர்ந்தது. உடலின் ஒருபுறம் செவுளும் மறுபுறம் நுரையீரலும் கொண்ட அது, இந்தக் குறையைத் தானே சமாளிக்கும். நீர்மட்டத்துக்குச் சற்றுக் கீழே நின்று, ஸ்ட்ரா போன்ற ஒரு குழாயை மேலே நீட்டி, உடலை முன்னும் பின்னும் அசைத்துக் காற்றை உள்ளிழுப்பதைச் சித்திரை மாதத்தில் மணிக்குப் பலமுறை பார்க்கலாம். எனவே நீர்மட்டத்துக்கும் மூடிக்கும் நடுவே நான்கு விரற்கடை இடம் விடவேண்டும். மூடி இல்லாமலும் இருக்கக் கூடாது, இரவில் ஏறி வெளியே விழுந்துவிடும். நீர்ப்பரப்பின்மேல் ஒரு சிறு மின்விசிறியைத் திருப்பிவைத்தால் ஆவியாதலால் இரண்டு மூன்று டிகிரி குறையும். சூடு ஏற ஏற வளர்சிதை மாற்றம் விரைவுபடுவதால், ஓராண்டு ஈராண்டு வாழக்கூடிய நத்தையின் ஆயுளும் சுருங்குகிறது. பி.எச்.-உம் வெப்பமும் உயர்ந்த நீரில் அம்மோனியாவின் நச்சுத்தன்மை கூடும் என்பதால், போர் தண்ணீர்த் தொட்டியில் வேகவைத்துப் போட்ட முருங்கைக்கீரையோ வெள்ளரித் துண்டோ மிஞ்சினால் அன்றிரவே எடுத்துவிடுவது நல்லது.

நம் வயல்களில் இருக்கும் பைலா நத்தை இதற்கு உறவுதான். ஓட்டின் வாயை அடைக்கும் அதன் மூடி சுண்ணமேறிக் கெட்டியானது. மிஸ்டரி நத்தையின் மூடியோ வளையும் கொம்புப்பொருள். கண்மாய் வற்றும்போது பைலா மண்ணுக்குள் இறங்கி, மூடியை இறுக்கி, அடுத்த மழை வரை காத்திருக்கும். மிஸ்டரி நத்தை தொட்டியில் நாள்கணக்கில் மூடிக்கொண்டு கிடந்தால் அதை ஓய்வென்று விட்டுவிடக் கூடாது. எடுத்து முகர்ந்து பார்க்கவேண்டும். இறந்ததன் நாற்றம் தவறாமல் காட்டிக்கொடுக்கும்.

இனப்பெருக்கத்தைப் பற்றிச் சில சொற்கள். மிஸ்டரி நத்தையில் ஆண், பெண் தனித்தனி. ஆனாலும் பெண் நத்தை விந்தைப் பல மாதம் சேமித்து வைத்திருக்கும் என்பதால், ஒன்றே ஒன்று இருந்தாலும் முட்டை வரலாம். நீருக்கு மேலே, கண்ணாடியிலோ மூடியின் அடியிலோ, இளஞ்சிவப்புச் சோளக்கதிர்போல ஒட்டியிருக்கும் அந்த முட்டைக்கொத்து இரண்டு முதல் நான்கு வாரத்தில் பொரியும். வேண்டாமென்றால் சுரண்டி எடுத்து, உறையவைத்துக் குப்பையில் போடலாம். பெருகிவிட்ட நத்தைகளை மட்டும் ஊருணியிலோ கண்மாயிலோ கொண்டுபோய் விடக் கூடாது. இதே பேரினத்தைச் சேர்ந்த பொமேசியா கனாலிகுலாட்டா, உணவுக்கென 1980 வாக்கில் தைவானுக்குக் கொண்டுவரப்பட்டு, அங்கிருந்து தென்கிழக்காசிய நெல்வயல்கள் எங்கும் நாற்றைத் தின்னும் பயிர்ப்பகையாகப் பரவியது. டிஃப்யூசாவும் இலங்கை நீர்நிலைகளில் ஏற்கெனவே குடியேறிவிட்டது.