நான்கு குழுக்களில் வந்தால் உண்மையாகிவிடுமா?

கிருஷ்ணகிரி அணை உடையப்போவதாக மழைக்காலத்தில் ஒரு படம் வாட்ஸ்அப்பில் சுற்றுவதையும், நான்காவது குழுவிலும் அதைக் கண்டபோது பட்டதாரியான தமக்கே வயிற்றைக் கலக்கியதையும் எழுதி, காவேரிப்பட்டணம் வாசகர் ஒருவர் காரணம் கேட்டிருக்கிறார். 2017 நவம்பரில் அந்த அணையின் மதகு ஒன்று உடைந்தது உண்மை. ஆனால் அவரை நம்பவைத்தது அதைவிட, படம் நான்கு முறை வந்ததுதான்.

1977-இல் அமெரிக்க உளவியலாளர்கள், மாணவர்களிடம் இரண்டு வார இடைவெளியில் மூன்று முறை பொது அறிவு வாக்கியங்களைத் தந்து, அவை எவ்வளவு உண்மையாகத் தோன்றுகின்றன என மதிப்பிடச் சொன்னார்கள். திரும்பத் திரும்ப வந்த வாக்கியங்களுக்கு, சரியோ தவறோ, மதிப்பு ஏறியது. ஒருமுறை கேட்டதை மறுமுறை படிக்க மூளைக்குச் சிரமமில்லை. அந்த எளிமை எதனால் வந்தது என்று அது விசாரிப்பதில்லை; தடங்கலின்றி உள்ளே இறங்கியதை, ஏற்கெனவே அறிந்த உண்மை என்ற கணக்கில் வரவு வைத்துவிடுகிறது.

எளிமை வேறு வழிகளிலும் வரலாம் என்பதுதான் இதில் என்னை வியக்கவைப்பது. பின்னணியிலிருந்து பளிச்சென்று தெரியும் நிறத்தில் அச்சிட்டாலே ஒரு வாக்கியம் சற்றுக் கூடுதல் உண்மையாகப் படுகிறது என்று 1999-இல் காட்டினார்கள். எதுகை சேர்ந்த பழமொழி, அதே பொருளை எதுகையின்றிச் சொல்வதைவிட நம்பத்தக்கதாகத் தோன்றுகிறது என்று 2000-இல் வெளியான ஆய்வு சொன்னது. 'ஆண் மூலம் அரசாளும், பெண் மூலம் நிர்மூலம்' என்பதை ஓசையில்லாத உரைநடையில் சொல்லியிருந்தால், இத்தனை பெண்களின் வரன்கள் தட்டிப்போயிருக்குமா என்பது என் சந்தேகம்.

படித்தவர்களும் தப்புவதில்லை. ஸ்காட்லாந்து ஆண்கள் அணியும் மடிப்புப் பாவாடைக்குப் பெயர் 'சேலை' என்பது போன்ற பொய்கள், சரியான விடை தெரிந்தவர்களுக்கும் மறுமுறை படித்தபோது கூடுதல் உண்மையாகத் தோன்றியதை 2015-இல் ஓர் ஆய்வு பதிவு செய்தது. இதற்கு மாற்று 2020-இல் கிடைத்தது: முதல்முறை படிக்கும்போதே 'இது சரியா?' என்று மதிப்பிட்டவர்களிடம், அவர்கள் அறிந்த செய்திகளைப் பொறுத்தவரை, இந்த மயக்கம் பின்னர் தலைகாட்டவில்லை.

எனவே காவேரிப்பட்டணத்து வாசகர் படம் முதன்முதலாக வரும்போதே, அணையின் மொத்த உயரமான 52 அடியில் இன்று நீர்மட்டம் எத்தனை அடி, வரத்து எத்தனை கனஅடி, வெளியேற்றம் எவ்வளவு என்று தேடட்டும். மழைக்காலத்தில் நாளிதழின் மாவட்டச் செய்திகளிலேயே இவை வந்துவிடுகின்றன. அந்தப் படத்திலோ எடுத்த தேதிகூட இருப்பதில்லை.