ஜாக்ராபிட்டைக் குழிமுயல் என்னாதீர்கள்

அரிசோனாப் பாலைவனத்தைக் காட்டும் காட்டுயிர்ப் படங்களுக்குத் தமிழில் குரல் கொடுப்பவர்கள், நீண்ட காதுள்ள அமெரிக்க முயலான ஜாக்ராபிட் திரையில் வந்தாலே 'பாலைவனக் குழிமுயல்' என்கிறார்கள். குழிமுயல் என்பது வளையில் வாழும் ராபிட்டுக்குத் தமிழில் வழங்கும் பெயர். கேட்டுக் கேட்டுக் காது புளித்துவிட்டது.

மூலச்சொல் எளியது. கழுதைக்காது போல நீண்ட காது இருந்ததால் அமெரிக்காவில் அதை 'ஜாக்கஸ் ராபிட்' என்றார்கள்; ஜாக்கஸ் என்றால் ஆண் கழுதை. அது சுருங்கி ஜாக்ராபிட் ஆனது. ராபிட் என்று பெயரில் இருந்தாலும் விலங்கு ஹேர் வகை, அதாவது ராபிட்டுக்கு உறவான வேறொரு முயல்; லெப்பஸ் பேரினம். ஜாக்ராபிட்டுகளில் கருவால் இனத்துக்கு 1837-இல் விலங்கியலாளர் கிரே இட்ட பெயர் லெப்பஸ் கலிபோர்னிகஸ்.

அமெரிக்கர் பெயர் வைத்ததில் செய்த பிழையை நாம் ஏன் சுமக்க வேண்டும்? வளை தோண்டிக் குடியிருக்கும் வழக்கம் இதற்குக் கிடையாது. புதரடியில் உடம்பு படியுமளவுக்கு மண்ணைக் கீறிப் படுத்துக்கொள்ளும். குட்டி பிறக்கும்போதே உடம்பெல்லாம் மயிர், கண்ணும் திறந்திருக்கும். வளைக்குள் பிறக்கும் ராபிட் குட்டியோ மயிரின்றி, கண் திறவாமல் கிடக்கும். 'கீறிய பள்ளமும் குழிதானே' என்று வாதிடலாம். அப்படியானால் ராபிட்டுக்கே அந்தப் பெயர் பொருந்தாது. எலி குடியிருப்பதை எலிவளை என்கிறோம், எலிக்குழி என்பதில்லை. வாய் திறந்து கிடப்பது குழி. உள்ளே வளைந்து போவது வளை. ராபிட்டை 'வளைமுயல்' என்றிருக்க வேண்டும். இன்னொரு சிக்கலும் உண்டு. அதே பாலைவனத்தில் பஞ்சுவால் ராபிட் ஒன்று வாழ்கிறது, பிற விலங்குகள் தோண்டிய வளைகளில் ஒதுங்குகிறது. இரண்டும் ஒரே காட்சியில் வந்தால் மொழிபெயர்ப்பாளர் எதை என்னவென்று சொல்வார்?

சிலர் ஹேரைக் 'காட்டுமுயல்' என்கிறார்கள். இதுவும் தலைகீழ். தமிழ்நாட்டுக் காட்டில் என்றும் இருந்தது ஹேர்தான், கழுத்தின் பின்புறம் கறுத்த லெப்பஸ் நிக்ரிகோலிஸ். முயல் என்ற சொல் அதற்கே உரியது. அடைமொழி தேவைப்படுவது கூண்டில் வளர்க்க வந்த ராபிட்டுக்கு. வீட்டுக்காரனுக்கு அடைமொழி கொடுத்து, விருந்தாளியை வெறும் பெயரால் அழைக்கிறோம். அகராதியைப் புரட்டும் மொழிபெயர்ப்பாளர்கள் விலங்கு எப்படி வாழ்கிறது என்று ஒரு பக்கமாவது படித்தால் இந்தக் குழப்பம் வராது.

ஜாக்ராபிட்டுக்கு என் சொல் 'நெடுஞ்செவி முயல்'. புதிதாகக் காய்ச்சியதன்று. பெரும்பாணாற்றுப்படையில் 'முள்ளரைத் தாமரைப் புல்லிதழ் புரையும் நெடுஞ்செவிக் குறுமுயல்' இருக்கிறது. முள்தண்டுத் தாமரையின் புறவிதழைப் போன்ற காதாம்! ஜாக்ராபிட் வெயிலுக்கு எதிரே உட்கார்ந்திருக்கும் படத்தைப் பாருங்கள்: மெல்லிய காதில் ஒளி ஊடுருவ, இரத்தக் குழாய்கள் இதழின் நரம்புகளாகத் தெரியும். நிழலில் ஒதுங்கும்போது உடல் வெப்பத்தை வெளியேற்றுவதும் அந்தக் குழாய்களே. காதை வைத்துப் பெயரிட்டால் ஆங்கிலப் பெயரின் கருத்தும் நிற்கும், கழுதையும் கழன்றுவிடும்.

இனங்களைப் பிரிப்பதும் எளிது: லெப்பஸ் கலிபோர்னிகஸ் கருவால் நெடுஞ்செவி முயல், லெப்பஸ் டவுன்செண்டி வெண்வால் நெடுஞ்செவி முயல்.