இறந்தவர் வண்டியில் எங்கே இருந்தார்?

விபத்தில் ஒருவரைப் பறிகொடுத்துவிட்டு வக்கீல்களான எங்களிடம் வரும் குடும்பம் முதலில் கேட்பது, "சார், நஷ்ட ஈடு எவ்வளவு கிடைக்கும்?" நான் திருப்பிக் கேட்பது வேறு. அவர் நடந்து போனாரா, எதிர் வண்டியில் வந்தாரா, அதே வண்டியில் உட்கார்ந்திருந்தாரா, இல்லை அவரேதான் ஓட்டினாரா? பணம் யார் தலையில் விழும் என்பது இதைப் பொறுத்தது.

நடந்து போனவர் மீதோ எதிரே வந்த பைக் மீதோ லாரி மோதினால், இறந்தவர் அந்த லாரியின் இன்சூரன்ஸ் பாலிசிக்கு மூன்றாம் நபர், அதாவது வெளியாள். லாரிக்கு, வெளியாளுக்கு நேரும் இழப்பை மட்டும் ஏற்கும் தேர்ட் பார்ட்டி பாலிசி இருந்தாலே போதும். "டிரைவருக்கு லைசென்ஸ் இல்லை, நாங்கள் பொறுப்பல்ல" என்று இன்சூரன்ஸ் கம்பெனி பதில் மனு போடும். அதைப் படித்ததும் கேஸ் அவ்வளவுதான் என்று பலர் இடிந்துபோகிறார்கள். தேவையே இல்லை. லைசென்ஸ் இல்லாததோடு, உரிமையாளர் பக்கம் தவறு இருந்ததையும் கம்பெனிதான் நிரூபிக்க வேண்டும் என்று 2004-இல் ஸ்வரண் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நிரூபித்தாலும், முதலில் குடும்பத்துக்குக் கொடு, அப்புறம் உரிமையாளரிடம் வசூலித்துக்கொள் என்று உத்தரவாவதுதான் வழக்கம்.

சரக்கு வண்டியில் ஏறிப் போனவர்கள் கதை வேறு. கல்யாணத்துக்கும் துக்கத்துக்கும் மினி லாரியில் ஆளேற்றிப் போவது நம் பக்கம் சகஜம். அது கவிழ்ந்தால், உச்ச நீதிமன்றத்தின் 2002 ஆஷா ராணி தீர்ப்புப்படி அந்தப் பயணிகளுக்குக் கம்பெனி பொறுப்பல்ல. பைக்கின் பின்சீட்டில் வந்தவருக்கும், அந்த பைக்கின் மீதே தவறு என்றால், தேர்ட் பார்ட்டி பாலிசி மட்டும் உதவாது. உரிமையாளர் மேல் வழக்குப் போடலாம், தீர்ப்பும் வாங்கலாம். அவரிடம் வசூலிக்க என்ன இருக்கிறது என்பதுதான் பிரச்சினை.

சரி, தொகைக்கு வருவோம். 35 வயதுக் கொத்தனார்; மனைவி, இரண்டு குழந்தைகள், தாய். மாதம் 15,000 ரூபாய் சம்பாதித்தார் என்று நிரூபித்தால், எதிர்கால உயர்வுக்கு 40 சதவீதம் சேர்த்து 21,000. அவருடைய சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழித்தால் 15,750. வருடத்துக்கு 1,89,000. இந்த வருடத் தொகையை எத்தனையால் பெருக்குவது என்பது வயதைப் பொறுத்தது; 35 வயதுக்கான பெருக்கி 16. ஆக 30,24,000 ரூபாய். ஆதாரம் இல்லாமல், இந்த வழக்குகளை விசாரிக்கும் மோட்டார் விபத்துத் தீர்ப்பாயம் வருமானத்தை 10,000 என்று வைத்துக்கொண்டால், இதே கணக்கு 20,16,000-இல் நின்றுவிடும். மாதம் ஐயாயிரம் ரூபாய்க்கான ஆதாரம் இல்லாததால் பத்து லட்சம் போகிறது! அதனால் நல வாரிய அட்டை, மேஸ்திரியின் கூலி நோட்டு, ஜிபே வரவுகள், வங்கிப் பாஸ்புக் எதையும் தூக்கி எறியாதீர்கள். கூலி கொடுத்தவர் சாட்சிக் கூண்டில் வந்து பேசினால் இன்னும் நல்லது.

எஃப்.ஐ.ஆர். நகலைக் கையில் வாங்கியதும் வரி வரியாகப் படியுங்கள். பதற்றத்தில் உறவினர் யாரோ சொன்னதை எழுதி, "நிலைதடுமாறி விழுந்தார்" என்று ஒரு வார்த்தை புகுந்துவிட்டால், கம்பெனி வக்கீல் கடைசிவரை அதையே பிடித்துக்கொள்வார். பார்த்த சாட்சி இருந்தால் உடனே விசாரணை அதிகாரியிடம் வாக்குமூலம் கொடுக்கச் சொல்லுங்கள்.

2022 ஏப்ரல் முதல், விபத்து நடந்து ஆறு மாதத்துக்குள் மனுப் போட வேண்டும் என்ற விதி நடைமுறைக்கு வந்தது. அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை வழக்குப் போயிருக்கிறது. அந்த வழக்கை நம்பி காலம் கடத்த வேண்டாம். உங்கள் ஊருக்கான தீர்ப்பாயத்திலேயே போடலாம், விபத்து நடந்த ஊருக்கு அலைய வேண்டியதில்லை. மோதிய வண்டி எதுவென்றே தெரியாவிட்டால் அரசுத் திட்டத்தில் இரண்டு லட்சம் உண்டு.

தன் வண்டியைத் தானே ஓட்டி, தானே விழுந்து இறந்தவருக்குத் தீர்ப்பாயத்தில் கேட்க எதிர்த்தரப்பே இல்லை. ஆனால் பாலிசித் தாளில் 'உரிமையாளர்-ஓட்டுநர் தனிநபர் விபத்துக் காப்பீடு' என்று ஒரு வரி இருக்கிறதா பாருங்கள். அதற்குப் பிரீமியம் கட்டியிருந்து, வண்டி அவர் பெயரில் இருந்து, செல்லுபடியாகும் லைசென்சும் இருந்தால் 15 லட்சம். அதை நேரடியாகக் கம்பெனியிடமே எழுதிக் கேட்கலாம்.