மயங்கி விழுந்தவருக்குத் தலை ஸ்கேன் அல்ல, முதலில் ஈசிஜி

போன வாரமும் ஒருவர் வந்தார். அறுபதைத் தாண்டியவர். நாற்காலியில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தவர் அப்படியே சரிந்து, அரை நிமிடத்தில் தானாகத் தெளிந்திருக்கிறார். மகன் கையில் பெரிய ஸ்கேன் கவர். "தலையில ஒண்ணும் இல்லையாம் டாக்டர், லோ பிரஷர்தானாம்" என்றார். ஈசிஜி எடுத்தீர்களா என்றால், இல்லை. நாடியைத் தொட்டால் நிமிடத்துக்கு 38. ஈசிஜியில் முழு ஹார்ட் பிளாக்: ரத்தக் குழாய் அடைப்பு இல்லை, இதயத்தைத் துடிக்க வைக்கும் மின் ஓட்டம் வழியில் தடைபடுவது. அன்றைக்கே துடிப்பைத் தூண்டும் கருவியான பேஸ்மேக்கர் வைக்க அனுப்பினோம்.

எத்தனை தடவைதான் சொல்வது? சில நொடி நினைவு தப்பி, தானாகத் தெளிந்து, உடனே பழையபடி பேசுகிறவருக்குக் கோளாறு பெரும்பாலும் மூளையில் இல்லை. மூளைக்குப் போகும் ரத்தம் கொஞ்ச நேரம் குறைந்திருக்கிறது, ஏன் குறைந்தது என்பதைத் தலை ஸ்கேன் காட்டாது. பக்கவாதம் என்றால் வாய் கோணும், பேச்சு குழறும், ஒரு பக்கம் கை கால் விழும். வெறும் மயக்கமாக வந்து முழுசாகத் தெளிவது மிக அபூர்வம். விழுந்ததில் தலையில் நல்ல அடி, கடுமையான தலைவலி, ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுபவர் என்றால் ஸ்கேனுக்கு நானே எழுதித் தருவேன். மற்றவர்களுக்கு ஐந்து நிமிடத்தில் முடிகிற ஈசிஜியை விட்டுவிட்டு ஸ்கேனுக்கு ஓடுவது என்ன நியாயம்?

வெயிலில் க்யூவில் நின்றோ, ஊசியைப் பார்த்தோ, கண் இருட்டி வியர்த்து விழுவது பெரும்பாலும் சாதாரண மயக்கம்தான். கண் இருட்டும்போதே படுத்துவிடுங்கள். பிரஷர் மாத்திரையோ புராஸ்டேட்டுக்கு டாம்சுலோசினோ சாப்பிடும் பெரியவர்கள் ராத்திரி பாத்ரூம் போக எழுந்தால் பிரஷர் சட்டென்று இறங்கலாம்; கட்டிலோரம் ஒரு நிமிடம் உட்கார்ந்துவிட்டு நில்லுங்கள். (படுக்க வைத்து ஒரு தடவை, நிற்க வைத்து மூன்று நிமிடத்துக்குள் ஒரு தடவை பிரஷர் பார்த்து, மேல் அளவு 20 இறங்கினாலே பாதி விடை கிடைத்துவிடும். இதை எங்கள் டாக்டர்களே பல இடங்களில் செய்வதில்லை என்பது என் ஆதங்கம்.)

உட்கார்ந்தோ படுத்தோ இருக்கும்போது, மாடி ஏறும்போது, படபடப்போடு, அல்லது எந்த அறிகுறியும் இல்லாமல் பட்டென்று விழுந்தால் அன்றே ஆஸ்பத்திரிக்கு வாருங்கள். குடும்பத்தில் யாராவது இளவயதில் திடீரென்று இறந்திருந்தால் அதையும் சொல்லுங்கள். காரணம் தெரியும்வரை வண்டி ஓட்டக் கூடாது.

அப்புறம், விழுந்தவரைத் தூக்கி உட்கார வைக்காதீர்கள், தயவுசெய்து. மல்லாக்கப் படுக்க வைத்துக் காலை உயர்த்துங்கள். முழுசாகத் தெளியும்வரை வாயில் சோடாவோ தண்ணீரோ ஊற்றாதீர்கள், புரையேறும். ஒரு நிமிடத்தில் தெளியவில்லையென்றால் 108. மூச்சு இல்லையென்றால் நெஞ்சை அழுத்தத் தொடங்குங்கள்.

வரும்போது சாப்பிடும் மாத்திரை அட்டைகளோடு, விழுந்ததைக் கண்ணால் பார்த்தவரையும் கூட்டி வாருங்கள். கை கால் வெட்டி இழுத்ததா, எத்தனை நொடி, முகம் வெளுத்ததா, தெளிந்ததும் ஆளை அடையாளம் தெரிந்ததா என்று அவரிடம்தான் கேட்க வேண்டும். சாதாரண மயக்கத்திலும் சில நொடி கை கால் வெட்டி இழுக்கும், அதை வைத்து வலிப்பு மாத்திரை ஆரம்பித்துவிடாதீர்கள்.